சாலை விபத்தில் ஒருவர் இறந்துவிட்டால்: இழப்பீடு கைக்கு வரும் வரை குடும்பம் செய்ய வேண்டியவை

பெரியப்பா மகன் பைக்கில் வேலைக்குப் போகும்போது லாரி மோதி இறந்துபோனார். அன்று பிணவறை வாசலில் நாங்கள் போஸ்ட்மார்ட்டத்துக்காகக் காத்திருந்தபோது, முன்பின் தெரியாத ஒருவர் வந்து ஆறுதல் சொன்னார். எல்லோருக்கும் டீ வாங்கித் தந்தார். அப்புறம் அண்ணியிடம் மூன்று வெற்றுத் தாள்களை நீட்டி, "ஒரு கையெழுத்து மட்டும் போடும்மா, மத்ததை நாங்க பார்த்துக்கிறோம்" என்றார். அண்ணி பேனாவை வாங்கிவிட்டார். நான்தான் தடுத்தேன்.

அதன்பிறகு அந்த வழக்குக்காக ஸ்டேஷனுக்கும் தாலுகா ஆபீசுக்கும் கோர்ட்டுக்கும் நடையாய் நடந்ததில் எனக்குப் புரிந்தது ஒன்று. இழப்பீட்டுத் தொகை பெரும்பாலும் விபத்து நடந்த முதல் இரண்டு மூன்று மாதங்களில் என்ன காகிதம் சேர்த்தோம் என்பதிலேயே முடிவாகிவிடுகிறது. வக்கீல் எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தாலும், இல்லாத காகிதத்தை வைத்து வாதாட முடியாது. அதனால் இந்த வழிகாட்டியில் ஆரம்பகட்ட வேலைகளுக்கே அதிக இடம் கொடுத்திருக்கிறேன். 2022 ஏப்ரல் 1க்குப் பிறகு நடந்த விபத்துகளுக்குப் பொருந்தும் சட்டம்தான் இங்கே பேசப்படுகிறது. ஸ்டேஷன், கோர்ட் நடைமுறைகள் தமிழ்நாட்டில் இருப்பவை.

முதல் படி: எஃப்.ஐ.ஆர். மேல் கண் வையுங்கள்

துக்க வீட்டில் யாருக்கும் எஃப்.ஐ.ஆர். படிக்கும் மனநிலை இருக்காது. ஆனால் குடும்பத்தில் நிதானமாக இருக்கும் ஒருவர் அந்தப் பொறுப்பை ஏற்றே ஆக வேண்டும். 2024 ஜூலை 1 முதல் நடந்த விபத்து என்றால், பாரதிய நியாய சன்ஹிதாவின் 281, 106(1) பிரிவுகளில் வழக்குப் பதிவாகும். அதற்கு முந்தைய விபத்துகளில் 279, 304ஏ என்று இருக்கும்.

புகாரில் மூன்று விஷயம் சரியாக இருக்க வேண்டும்: மோதிய வண்டியின் எண், அது எந்தப் பக்கமிருந்து வந்தது, எப்படி மோதியது. அவசரத்தில் யாரோ ஒருவர் "நிலைதடுமாறிக் கீழே விழுந்து" என்று எழுதிக் கொடுத்துவிடுவார். அந்த ஒரு வரி போதும். தானாக விழுந்தார், எதிர் வண்டிக்குச் சம்பந்தமே இல்லை என்று காப்பீட்டு நிறுவனம் பின்னால் அதையே பிடித்துக்கொள்ளும். புகார் கொடுப்பவர் விபத்தை நேரில் பார்க்கவில்லை என்றால், பார்த்ததுபோல் எழுதக் கூடாது. யார் சொல்லித் தெரிந்துகொண்டோம் என்று உள்ளபடி எழுதுவது நல்லது. நேரில் பார்த்த டீக்கடைக்காரரோ ஆட்டோ ஓட்டுநரோ இருந்தால் பெயரையும் போன் நம்பரையும் அன்றே வாங்கி வையுங்கள். ஆறு மாதம் கழித்துத் தேடினால் அவர் வேறு ஊரில் இருப்பார்.

வண்டி நிற்காமல் போய்விட்டதா? அப்படியானால் பக்கத்துக் கடைகள், பெட்ரோல் பங்க், சுங்கச்சாவடி கேமரா பதிவுகளை எடுக்கச் சொல்லி ஸ்டேஷனில் எழுத்து மூலம் கேளுங்கள். பெரும்பாலான கடைகளில் பழைய பதிவு சில நாட்களில் தானாக அழிந்துவிடும்.

போஸ்ட்மார்ட்டம் பற்றியும் சொல்லியாக வேண்டும். அடிபட்டவர் சில நாள் ஆஸ்பத்திரியில் இருந்து இறப்பதுண்டு. "இனி ஒன்றும் செய்வதற்கில்லை" என்று டாக்டர் சொன்னதும் வீட்டுக்கு அழைத்து வந்து, வீட்டிலேயே உயிர் பிரிவதும் உண்டு. அப்போது "எதுக்கு உடம்பை அறுத்துக்கிட்டு" என்று பெரியவர்கள் சொல்ல, நேராகச் சுடுகாட்டுக்குக் கொண்டுபோய்விடுகிறார்கள். போஸ்ட்மார்ட்டம் இல்லாமல், விபத்துக் காயத்தால்தான் இறந்தார் என்று நிரூபிப்பது பெரும்பாடு. எத்தனை நாள் கழித்து இறந்தாலும் முதலில் ஸ்டேஷனுக்குத் தகவல் சொல்லுங்கள். காய வழக்கை மரண வழக்காக மாற்றுவதும், பிரேதப் பரிசோதனைக்கு அனுப்புவதும் அவர்கள் வேலை.

சிலசமயம் மோதியவர் தரப்பு அம்பதாயிரமோ ஒரு லட்சமோ கையில் கொடுத்து, "நாம சமாதானமா போயிடலாம்" என்று ஸ்டாம்ப் பேப்பரில் எழுதிக் கேட்கும். ஈமச்சடங்குக்கு உதவியாகக் கொடுத்தால் வாங்குவதா வேண்டாமா என்பது உங்கள் விருப்பம். "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்று எழுதிய எதிலும் கையெழுத்து வேண்டாம்.

எந்தக் கதவைத் தட்டுவது?

மரணம் ஒன்றுதான் என்றாலும் விபத்தின் தன்மையைப் பொறுத்து வழி மாறும்.

மோதிய வண்டி தெரியும், அதன் ஓட்டுநர் மீது தவறு இருக்கிறது என்றால் மோட்டார் வாகனச் சட்டம் 166வது பிரிவு. இதில் தொகைக்கு உச்சவரம்பு கிடையாது. இறந்தவரின் வருமானமும் வயதும்தான் அதை நிர்ணயிக்கும்.

யார் தவறு என்று நிரூபிக்க வழியில்லை என்றால் 164வது பிரிவு. தவறை நிரூபிக்க வேண்டாம், மரணத்துக்கு 5 லட்சம் ரூபாய். கேட்க எளிதாக இருக்கும். ஆனால் இந்தத் தொகையை ஏற்றுக்கொண்டால் 166இன் கீழ் போட்ட மனு காலாவதியாகிவிடும். சம்பாதிக்கும் வயதில் இருந்தவருக்கு 166இல் பல மடங்கு கிடைக்க வாய்ப்பு இருக்கும்போது, 5 லட்சத்துக்கு அவசரப்பட்டுத் தலையாட்டுவது பெரிய நஷ்டம். ஆதாரம் உண்மையிலேயே பலவீனமாக இருந்தால் மட்டும் இந்தப் பக்கம் யோசிக்கலாம்.

மோதிய வண்டி எதுவென்றே தெரியவில்லை என்றால் 161வது பிரிவும், அதற்காக 2022இல் வந்த திட்டமும் இருக்கின்றன. மரணத்துக்கு 2 லட்சம் ரூபாய். இதற்குக் கோர்ட் வேண்டாம், வக்கீலும் வேண்டாம். வருவாய்க் கோட்டாட்சியர் அல்லது வட்டாட்சியர் நிலையில் இருக்கும் விசாரணை அதிகாரியிடம் விண்ணப்பம் கொடுக்க வேண்டும். அவர் விசாரித்து அறிக்கை அனுப்புவார், மாவட்ட ஆட்சியர் அனுமதிப்பார், பணம் வங்கிக் கணக்குக்கு வரும். இப்படி ஒன்று இருப்பதே பல குடும்பங்களுக்குத் தெரியாது. கோவையைச் சேர்ந்த எலும்பு முறிவு மருத்துவர் எஸ். ராஜசேகரன் சாலைப் பாதுகாப்புக்காகத் தொடர்ந்த பொதுநல வழக்கில், 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் கவனித்தது. ஒரு மாதத்துக்குள் வண்டியைக் கண்டுபிடிக்க முடியாவிட்டால், இந்தத் திட்டம் பற்றிப் போலீசாரே குடும்பத்துக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்று உத்தரவிட்டது. உங்களுக்கு யாரும் சொல்லவில்லை என்றால் நீங்களே போய்க் கேளுங்கள். பின்னால் வண்டி சிக்கி அதன் மூலம் இழப்பீடு கிடைத்தால் இந்தத் தொகையைக் கழித்துக்கொள்வார்கள், அவ்வளவுதான்.

அரசு பஸ் மோதியிருந்தால், போக்குவரத்துக் கழகமே எதிர்மனுதாரர். அதைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன்.

இறந்தவர் ஓட்டியது அவருடைய சொந்த வண்டி, தவறும் அவருடையதே என்றால் மூன்றாம் நபர் இழப்பீடு கிடைக்காது. ஆனால் அவர் வண்டிக் காப்பீட்டில் "உரிமையாளர் ஓட்டுநர் தனிநபர் விபத்துக் காப்பீடு" என்று ஒரு வரி இருக்கிறதா பாருங்கள். இருந்தால் 15 லட்சம் ரூபாய். ஓட்டியவரிடம் செல்லுபடியாகும் லைசென்ஸ் இருந்திருக்க வேண்டும். சம்பளத்துக்கு வண்டி ஓட்டப் போய் வேலை நேரத்தில் இறந்தவர் என்றால், தொழிலாளர் இழப்பீட்டு வழியும் உண்டு. அதுவும் தீர்ப்பாய (விபத்து இழப்பீட்டு வழக்குக்கான கோர்ட்) வழியும் சேர்த்துக் கிடையாது, ஒன்றைத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும்.

போலீஸ் செய்ய வேண்டிய வேலை

2022 ஏப்ரல் முதல் அமலில் இருக்கும் விதிகளின்படி, விசாரணை அதிகாரி 48 மணி நேரத்துக்குள் முதல் விபத்து அறிக்கையையும், 50 நாளுக்குள் இடைக்கால அறிக்கையையும், 90 நாளுக்குள் விரிவான அறிக்கையையும் தீர்ப்பாயத்துக்கும் காப்பீட்டு நிறுவனத்துக்கும் அனுப்ப வேண்டும். இறந்தவர் குடும்பத்துக்கு அவர்கள் உரிமைகளை விளக்கும் படிவம் ஒன்றையும், வருமானம், வாரிசு விவரங்களை நிரப்பிக் கொடுக்க இன்னொரு படிவத்தையும் தர வேண்டும். அந்த விரிவான அறிக்கையையே இழப்பீட்டு மனுவாகத் தீர்ப்பாயம் எடுத்துக்கொள்ளலாம் என்பது சட்டம். 2022 டிசம்பரில் உச்ச நீதிமன்றமும் இதைக் கறாராக நடைமுறைப்படுத்தச் சொல்லிவிட்டது.

ஏட்டில் இருப்பது இது. நடப்பில் அறிக்கை தானாக வந்து நிற்கும் என்று காத்திருக்காதீர்கள். குடும்பம் நிரப்ப வேண்டிய படிவத்தைக் கேட்டு வாங்கி, வருமான ஆதாரத்தோடு கொடுத்து, நகலில் முத்திரை வாங்கி வையுங்கள். மனுவைத் தனியாகவும் போடுங்கள். விரிவான அறிக்கை போன பிறகு, காப்பீட்டு நிறுவனத்தின் அதிகாரி 30 நாளுக்குள் ஒரு தொகையைச் சொல்லலாம். அது நியாயமா என்று பார்க்க, கீழே உள்ள கணக்கைப் போட்டுப் பார்த்துவிட்டுப் பதில் சொல்லுங்கள்.

காகிதங்கள்

ஸ்டேஷனிலிருந்து வர வேண்டியவை: எஃப்.ஐ.ஆர்., பார்வை மகஜர் (விபத்து நடந்த இடத்தைப் பார்த்துப் போலீசார் எழுதும் குறிப்பு), மாதிரி வரைபடம், பிரேத விசாரணை அறிக்கை, போஸ்ட்மார்ட்டம் சான்று, மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை, கடைசியாகக் குற்றப்பத்திரிகை. எஃப்.ஐ.ஆரைத் தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்திலேயே இறக்கிக்கொள்ளலாம். மோதிய வண்டியின் ஆர்.சி., இன்சூரன்ஸ், ஓட்டுநர் லைசென்ஸ் நகல்களையும் கேளுங்கள். வண்டி எண் தெரிந்தால் எம்பரிவாகன் செயலியில் அன்றைக்கு இன்சூரன்ஸ் இருந்ததா என்று பார்த்து, திரையைப் படம் பிடித்து வையுங்கள்.

வீட்டுத் தரப்பில் இறப்புச் சான்றிதழ், தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழ், குடும்ப அட்டை, எல்லோருடைய ஆதார், பான், வங்கிப் பாஸ்புத்தகம். இறக்கும் முன் சிகிச்சை நடந்திருந்தால் ஒவ்வொரு பில்லும், ஆம்புலன்ஸ் ரசீது உட்பட.

இதில் இரண்டு விஷயங்களில்தான் லட்சங்கள் ஏறி இறங்குகின்றன.

ஒன்று வயது. நம் ஊர்களில் பலருக்கு ஆதாரில் பிறந்த தேதி ஜனவரி 1 என்றுதான் இருக்கும். முகாமில் உத்தேசமாகச் சொன்ன வருடம். அண்ணனுக்கும் அப்படித்தான், ஆதார்படி 41 வயது, எட்டாம் வகுப்புப் பள்ளிச் சான்றிதழ்படி 39. பிறந்த தேதிக்கு ஆதார் உறுதியான சான்று அல்ல, பள்ளி மாற்றுச் சான்றிதழே மேலானது என்று 2024 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் ஒரு விபத்து வழக்கிலேயே சொல்லியிருக்கிறது. படித்த பள்ளிக்கூடத்தில் போய்த் தேடுங்கள், கிடைக்கும்.

இன்னொன்று வருமானம். மாதச் சம்பளக்காரர் என்றால் சம்பளச் சீட்டு, பி.எஃப்., படிவம் 16 என்று ஏதாவது இருக்கும். கூலி வேலை, சொந்தத் தொழில் செய்தவர்களுக்குத்தான் சிக்கல். அவர்களுக்கும் தேடினால் கிடைக்கும்: கட்டுமானத் தொழிலாளர் நலவாரிய அட்டை, வங்கியில் வாராவாரம் போட்ட பணம், கூகுள் பேயில் வந்த கூலி, கட்டிவந்த கடன் தவணை, பிள்ளைகளின் பள்ளிக் கட்டண ரசீது, கடைக்கு ஜி.எஸ்.டி. பதிவு, விவசாயிக்குச் சிட்டா அடங்கல், மாடு வைத்திருந்தால் பால் சொசைட்டி அட்டை. மேஸ்திரியோ முதலாளியோ ஒரு தாளில் "மாதம் இவ்வளவு கொடுத்தேன்" என்று எழுதிக் கொடுத்தால் மட்டும் போதாது. அவர் கோர்ட்டுக்கு வந்து கூண்டில் ஏறிச் சொல்ல வேண்டும், இல்லையென்றால் அந்தத் தாளுக்கு மதிப்புக் குறைவு. எங்களுக்காகச் சென்டரிங் மேஸ்திரி ஒருநாள் கூலியை விட்டுவிட்டு, சம்பள நோட்டையும் தூக்கிக்கொண்டு வந்தார். அந்த நோட்டுதான் வழக்கையே காப்பாற்றியது. இறந்த பிறகு அவசரமாகத் தாக்கல் செய்த வருமான வரிக் கணக்கை எந்த நீதிபதியும் எளிதில் நம்புவதில்லை, அந்த வேலையில் இறங்க வேண்டாம்.

யார் கேட்கலாம், எங்கே, எப்போது?

மனைவி அல்லது கணவர், பிள்ளைகள், பெற்றோர் எல்லோரும் ஒரே மனுவில் சேர வேண்டும். திருமணமாகிப் போன மகளும் சட்டப்படி வாரிசுதான், விட்டுவிடாதீர்கள். மாமியாரைப் பிரித்துவிட்டுத் தனி மனு, மருமகளை விட்டுவிட்டுத் தனி மனு என்று போனால் இரண்டு தரப்பும் வருடக்கணக்கில் இழுபடும். ஊர்ப் பெரியவர்கள் உருப்படியாகச் செய்யக்கூடிய பஞ்சாயத்து இது ஒன்றுதான்.

விபத்து நடந்த ஊரில்தான் மனுப் போட வேண்டும் என்று கட்டாயமில்லை. நீங்கள் குடியிருக்கும் ஊரிலோ எதிர்மனுதாரர் இருக்கும் ஊரிலோ போடலாம். உளுந்தூர்பேட்டையில் விபத்து நடந்ததற்காகத் திருநெல்வேலிக் குடும்பம் அங்கே அலைய வேண்டியதில்லை. மாவட்டங்களில் மாவட்ட நீதிமன்றமும் சார்பு நீதிமன்றங்களும், சென்னையில் சிறுவழக்கு நீதிமன்றமும் மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயமாகச் செயல்படுகின்றன. எம்.சி.ஓ.பி. கேஸ் என்றால் எல்லோருக்கும் தெரியும்.

காலக்கெடு விபத்து நாளிலிருந்து ஆறு மாதம். இந்தக் கெடுவை எதிர்த்த வழக்கு உச்ச நீதிமன்றத்தில் இருக்கிறது. அது முடியும்வரை, தாமதம் என்பதற்காக மட்டும் மனுக்களைத் தள்ளுபடி செய்ய வேண்டாம் என்று 2025 நவம்பரில் இடைக்கால உத்தரவும் போட்டார்கள். இருந்தாலும் ஆறு மாதத்துக்குள் போட்டுவிடுங்கள். இடைக்கால உத்தரவை நம்பி உட்கார்ந்திருப்பது புத்திசாலித்தனம் இல்லை.

வக்கீல் விஷயம். பெண்கள், குழந்தைகள், பட்டியலினத்தவர், பழங்குடியினர் ஆகியோருக்கு வருமானம் பாராமல் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் கொடுக்கும். 15100 என்ற எண்ணில் கேட்கலாம். தனியாக வக்கீல் வைத்தால், கிடைக்கும் தொகையில் இத்தனை சதவீதம் என்று ஒப்பந்தம் போடுவது பார் கவுன்சில் விதிகளுக்கே விரோதம். ஊரில் அதுதான் நடக்கிறது என்பது வேறு கதை. குறைந்தபட்சம் இதைச் செய்யுங்கள்: வெற்றுத் தாளிலும் வெற்றுக் காசோலையிலும் கையெழுத்துப் போடாதீர்கள், பாஸ்புத்தகமும் ஏ.டி.எம். அட்டையும் உங்களிடமே இருக்கட்டும், மனுவின் நகல் ஒன்று வீட்டில் இருக்கட்டும், வழக்கு எண்ணை வாங்கி இ-கோர்ட்ஸ் செயலியில் வாய்தா தேதியை நீங்களே பாருங்கள்.

கணக்கு எப்படிப் போடுகிறார்கள்?

2009இல் சரளா வர்மா வழக்கிலும் 2017இல் பிரணய் சேத்தி வழக்கிலும் உச்ச நீதிமன்றம் போட்ட சூத்திரம்தான் இன்று நாடு முழுக்க நடைமுறை. அண்ணனுடைய கணக்கையே எண்களைக் கொஞ்சம் உருட்டிப் போட்டுக் காட்டுகிறேன்.

மாத வருமானம் 18,000 ரூபாய், வயது 39. முதலில், உயிரோடு இருந்திருந்தால் வருமானம் உயர்ந்திருக்கும் என்பதற்காக ஒரு பங்கைக் கூட்ட வேண்டும். சுயதொழில், கூலி, வருடாந்திர உயர்வு இல்லாத சம்பளம் என்றால் 40 வயதுக்குக் கீழே 40 சதவீதம், 40 முதல் 50 வரை 25 சதவீதம், 50 முதல் 60 வரை 10 சதவீதம். நிரந்தர வேலையில் இருந்தவருக்கு இதுவே 50, 30, 15 சதவீதம். ஆக 18,000 என்பது 25,200 ஆகிறது.

அடுத்து, அவர் தனக்காகச் செலவு செய்திருப்பார் என்று ஒரு பங்கைக் கழிப்பார்கள். அவரை நம்பியிருந்தவர்கள் இரண்டு மூன்று பேர் என்றால் மூன்றில் ஒரு பங்கு, நான்கு முதல் ஆறு பேர் என்றால் நான்கில் ஒரு பங்கு, அதற்கு மேல் ஐந்தில் ஒரு பங்கு. கல்யாணம் ஆகாதவர் என்றால் பொதுவாகச் சரிபாதி. மனைவி, இரண்டு பிள்ளைகள், அம்மா என்று நான்கு பேர் இருப்பதால் இங்கே நான்கில் ஒன்று போய் 18,900 நிற்கும். வருடத்துக்கு 2,26,800.

இதை வயதுக்கான பெருக்கு எண்ணால் பெருக்க வேண்டும். 15 முதல் 25 வயது வரை 18, அப்புறம் 30 வரை 17, 35 வரை 16, 40 வரை 15, 45 வரை 14, 50 வரை 13, 55 வரை 11, 60 வரை 9, 65 வரை 7, அதற்கு மேல் 5. பார்க்க வேண்டியது இறந்தவரின் வயதை. கல்யாணமாகாத பையன் இறந்தால் பெற்றோரின் வயதை வைத்துக் குறைக்கப் பார்ப்பார்கள், விடக் கூடாது. 39க்கு 15. ஆக 34,02,000 ரூபாய்.

இதோடு மூன்று சில்லறைத் தலைப்புகள். சொத்திழப்புக்கு 15,000, இறுதிச்சடங்குக்கு 15,000, துணையை இழந்ததற்கு 40,000 என்று 2017இல் வைத்து, மூன்று வருடத்துக்கு ஒருமுறை 10 சதவீதம் கூட்டச் சொன்னார்கள். இரண்டு முறை கூட்டினால் 18,150, 18,150, 48,400. துணை இழப்பு மனைவிக்கு மட்டும் கிடையாது, பிள்ளைகளுக்கும் பெற்றோருக்கும் தலைக்கு ஒன்று உண்டு. நான்கு பேருக்கு 1,93,600. எல்லாம் சேர்த்து 36,31,900 ரூபாய். மனுப் போட்ட நாளிலிருந்து வட்டியும் உண்டு. இங்கே 7.5 சதவீதம் பரவலாகக் கொடுக்கிறார்கள். இரண்டு வருடத்துக்கு அதுவே 5,44,785 ரூபாய்.

இப்போது அந்த இரண்டு காகிதங்களுக்கு வருவோம். ஆதாரில் இருந்த 41 வயதையே எடுத்திருந்தால் 25 சதவீதம்தான் கூடும், பெருக்கு எண்ணும் 14 ஆகிவிடும். 34,02,000 இருந்த இடத்தில் 28,35,000. பள்ளிச் சான்றிதழ் ஒன்றுக்கு 5,67,000 ரூபாய் மதிப்பு. மேஸ்திரி வராமல், வருமான ஆதாரம் இல்லை என்று 12,000 ரூபாயைத்தான் வைத்திருந்தால் 22,68,000. அந்தச் சம்பள நோட்டின் மதிப்பு 11,34,000.

வீட்டைப் பார்த்துக்கொண்ட பெண் இறந்தால் "வருமானம் இல்லையே" என்பார்கள். அது செல்லாது. இல்லத்தரசியின் உழைப்புக்கும் ஒரு மாத வருமானம் வைக்க வேண்டும், எதிர்கால உயர்வையும் கூட்ட வேண்டும் என்று 2021 ஜனவரியில் கீர்த்தி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. தையல், மாடு, நூறுநாள் வேலை என்று கூடுதலாக எது செய்திருந்தாலும் சேருங்கள்.

மனுவில் கேட்டதைவிடக் கூடுதலாகவும் தீர்ப்பாயம் கொடுக்கலாம். குடும்ப ஓய்வூதியம், ஆயுள் காப்பீட்டுப் பணம் வந்திருக்கிறது என்று சொல்லிக் கழிக்க முடியாது.

காப்பீட்டு நிறுவனம் என்னவெல்லாம் சொல்லும்?

ஹெல்மெட் போடவில்லை என்பது முதல் அம்பு. தலைக்காயத்தால் இறந்திருந்தால் ஒரு பங்கைக் குறைக்கும் வாய்ப்பு உண்டு, முழுவதையும் மறுக்க முடியாது. ஒரே பைக்கில் மூன்று பேர் போனார்கள் என்பார்கள். அதனால்தான் விபத்து நடந்தது என்று காட்டாதவரை, மூன்று பேர் போனதே தவறில் பங்கு ஆகாது என்று 2020இல் தீர்ப்பு இருக்கிறது. இறந்தவரிடம் லைசென்ஸ் இல்லை என்பதும் அப்படியே. எதிர் வண்டி ஓட்டுநரிடம் லைசென்ஸ் இல்லையென்றால், முதலில் நிறுவனம் உங்களுக்குக் கொடுத்துவிட்டு அப்புறம் வண்டி உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ள உத்தரவிடுவது வழக்கம்.

உண்மையிலேயே கை விரிக்கக்கூடிய இடமும் இருக்கிறது. சரக்கு வண்டியில் ஆட்கள் போனது. கல்யாணத்துக்கும் காதுகுத்துக்கும் குலசாமி கோயிலுக்கும் லோடு வேனில் முப்பது பேர் ஏறிப் போவது நமக்குச் சாதாரணம். அப்படிப் போனவர் இறந்தால் சரக்கு வண்டியின் காப்பீடு அவருக்குப் பொருந்தாது என்பது 2002இலிருந்தே உச்ச நீதிமன்றத்தின் நிலைப்பாடு. பொறுப்பு வண்டி உரிமையாளர் தலையில் விழும், அவரிடம் வேன் ஒன்றைத் தவிர வேறெதுவும் இருக்காது. அதேபோல் வெறும் மூன்றாம் நபர் காப்பீடு மட்டும் போட்ட பைக்கில் பின்னால் உட்கார்ந்து போனவருக்கும் அந்தப் பைக்கின் காப்பீடு கைகொடுக்காது. வேறொரு வண்டி மோதியிருந்தால் அதன் காப்பீட்டில் கேட்கலாம்.

ஓட்டுநர் மீதான குற்ற வழக்கு தனி, இது தனி. அங்கே அவர் விடுதலையானாலும் இங்கே இழப்பீடு கிடைக்கலாம். ஏனென்றால் இங்கே சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்கத் தேவையில்லை.

லோக் அதாலத்தா, தீர்ப்பா?

வழக்கு நடக்கும்போதே லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றத்தில்) பேசி முடிக்கலாமா என்று கேட்பார்கள். அங்கே முடிந்தால் மேல்முறையீடு கிடையாது, பணம் சீக்கிரம் வரும். மேலே போட்ட கணக்கோடு ஒப்பிட்டு, கொஞ்சம் குறைந்தாலும் பரவாயில்லை என்றால் ஒத்துக்கொள்ளலாம். பிள்ளைகள் படிக்கும் வீட்டில் இன்று வரும் 30 லட்சம், ஹைகோர்ட் வரை போய் ஆறு வருடம் கழித்து வரும் 36 லட்சத்தைவிட உபயோகம் என்பது என் கருத்து. பாதிக்குப் பாதி கேட்டால் எழுந்து வந்துவிடுங்கள்.

தீர்ப்பு குறைவாக வந்தால் 90 நாளுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம். நிறுவனமும் செய்யலாம். அப்படிச் செய்தாலும் அது டெபாசிட் செய்த தொகையில் ஒரு பகுதியை எடுக்க அனுமதி கேட்கலாம்.

அரசு பஸ் வழக்குகளில் தீர்ப்பு வருவதைவிடப் பணம் வருவதுதான் பாடு. கழகங்கள் பஸ்களுக்குத் தனியார் வண்டிகள்போல் இன்சூரன்ஸ் போடுவதில்லை, தாங்களே கொடுக்க வேண்டும், இழுத்தடிப்பார்கள். அப்போது நிறைவேற்று மனுப் போட்டுப் பஸ்ஸை ஜப்தி செய்ய உத்தரவு வாங்க வேண்டும். பஸ் ஸ்டாண்டில் கோர்ட் அமீனா பஸ்ஸில் நோட்டீஸ் ஒட்டும் படம் பேப்பரில் வருகிறதே, அது இதுதான். இழப்பீட்டைக் கட்ட வைக்க அந்த நோட்டீஸ் நன்றாகவே வேலை செய்கிறது.

இதற்கு வெளியே இருக்கும் பணம்

இறந்தவரின் எல்லா வங்கிக் கணக்குகளையும் பாருங்கள். வருடத்துக்கு 20 ரூபாய் பிடித்திருந்தால் அது பிரதமரின் விபத்துக் காப்பீட்டுத் திட்டம், 2 லட்சம் ரூபாய் வரும். தெரியாமலே பலரும் சேர்ந்திருப்பார்கள். ஏ.டி.எம். அட்டை, சம்பளக் கணக்கு, வீட்டுக் கடன், மகளிர் குழுக் கடன் ஆகியவற்றோடு ஒட்டிய காப்பீடுகளும் இருக்கலாம். தொழிலாளர் நலவாரியத்தில் பதிந்தவருக்கு விபத்து மரண உதவித் தொகை தனி. இவற்றுக்கெல்லாம் கெடு குறுகியது, முதல் மாதமே எழுதிக் கொடுங்கள்.

பணம் வந்த பிறகு

பெரியவர்களின் பங்கு அவரவர் வங்கிக் கணக்குக்கு வரும். பிள்ளைகளின் பங்கைத் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் 18 வயது வரை டெபாசிட்டாகப் போட உத்தரவிடுவார்கள். அதன் வட்டியை வளர்ப்புச் செலவுக்காகத் தாய் எடுத்துக்கொள்ள அனுமதி கேட்டு வாங்கலாம், கேட்காவிட்டால் பெரும்பாலும் கிடைக்காது. பெரிய படிப்பு, அறுவைச் சிகிச்சை என்று வந்தால் அசலிலிருந்தும் எடுக்கத் தனி மனுப் போடலாம்.

பிள்ளைக்கு 18 ஆனதும் பணம் தானாக வராது. மேஜர் ஆகிவிட்டதாக அறிவிக்கக் கோரி அதே தீர்ப்பாயத்தில் ஒரு மனுப் போட வேண்டும். அதற்குள் பத்து வருடம் ஓடியிருக்கும், வக்கீல் மாறியிருப்பார், வங்கிக் கிளை இன்னொன்றோடு சேர்ந்திருக்கும். கையில் வழக்கு எண்ணும் தீர்ப்பு நகலும் டெபாசிட் ரசீதும் இருந்தால் ஒரே நாளில் மனுவை எழுதிவிடலாம். அண்ணி அந்த எம்.சி.ஓ.பி. எண்ணை ஒரு அட்டையில் எழுதி, பீரோ கதவின் உள்பக்கம் ஒட்டி வைத்திருக்கிறார். சின்னவனுக்குப் பதினெட்டு ஆக இன்னும் ஒன்பது வருடம் இருக்கிறது.